காலம் ஏற்றிய சிவப்பு: மதுரைச் சமவெளியின் சாயத்தொழில் வரலாறு

பேரையூர்ப் பக்கம் நாட்டு மருந்துக் கடைகளில் நரைக்கென்று வாங்கும் அவுரிப் பொடியைத் தண்ணீரில் குழைத்தால் பாசிப்பச்சையாக இருக்கும். சற்றுப் பொறுத்தால் மேலே நீலம் படரும். மருதாணி பூசிச் சிவந்த முடியில் அதைத் தேய்த்து அலசிய அன்று பச்சை கலந்தாற்போல் தெரியும். ஒன்றிரண்டு நாள் போனபின்தான் கருக்கும். நேரம் போகப் போக நிறம் மாறும் மாயச்சாயம் கதைகளில் மட்டும் இருப்பதல்ல. மதுரைச் சமவெளியில் அது தலைமுறை தலைமுறையாக நடந்த தொழில். அந்தத் தொழிலில் காலத்தின் பங்கு எப்படிக் குறைந்தது என்பதே இக்கட்டுரையின் கேள்வி.

தொடக்கத்தைத் தேதியிட்டுச் சொல்ல வழியில்லை. 1945இல் அரிக்கமேட்டில் அகழ்ந்த தொல்லியலாளர் மார்டிமர் வீலர் அங்கு கிடைத்த செங்கல் தொட்டிகளைச் சாயத்தொட்டிகள் என்று கருதினார். உறையூரிலும் அப்படியொரு தொட்டி கிடைத்தது. தொட்டி நிலைத்தாலும் அதில் ஊறிய துணி நிலைப்பதில்லை. ஆகவே தொட்டியை மட்டும் வைத்து அதிகம் பேசக்கூடாது என்பது என் கருத்து.

நீலத்தின் வழி எளிது. அவுரி இலையில் நீலம் கிடையாது. நிறமற்ற ஒரு பொருள்தான் உண்டு. இலையை ஊறவைத்து, நீரை வடித்து, காற்றுப் படும்படி அடித்துக் கலக்கினால் நீலம் திரண்டு அடியில் படியும். அந்த நீலமோ தண்ணீரில் கரையாது. சுண்ணாம்பும் தகரை விதையும் சேர்த்துப் புளிக்க வைத்தால்தான் கரையும். அப்போது நீலமும் மறைந்து மஞ்சட்பச்சையாகிவிடும். தொட்டியிலிருந்து எடுத்த நூல் பச்சையாக வந்து, கையில் பிடித்திருக்கும்போதே நீலமாகும்.

சிவப்புக்குத்தான் பொறுமை வேண்டும். அதைத் தந்தது சாயவேர் என்னும் இம்பூறல் செடி. மணற்பாங்கான கடலோரத்தில், இராமேசுவரம் தீவிலும் மன்னாரிலும் இந்த வேரைத் தோண்டி எடுத்தார்கள். மதுரையில் இத்தொழிலை வளர்த்தவர்கள் நாயக்கர் காலத்தில் அரண்மனையான மகாலைச் சுற்றிக் குடியேறிய சௌராஷ்டிர மக்கள். உமிரிச் செடியை எரித்த சாம்பலின் காரநீரில் எண்ணெயைக் கலந்தால் பால்போல் வெளுக்கும். அதில் நூலை நனைத்து, பிழிந்து, வெயிலில் உலர்த்தி, மறுபடி நனைப்பார்கள். இப்படியே நாட்கணக்கில் நடக்கும். இத்தனைக்குப் பிறகும் நூலில் சிவப்பின் சாயலே இராது. அதன்பின் காயா இலையோடும் சாயவேரோடும் ஊறவைத்துக் கொதிக்க வைக்கும்போதுதான் நிறம் ஏறும். அதுவும் முதலில் மங்கலான செம்பழுப்புதான். துவைக்கத் துவைக்க ஒட்டாத பழுப்பு கழன்று சிவப்பு துலங்கும். மற்றச் சாயங்கள் வெளுக்கும் இடத்தில் இது துலங்கியது.

இதன் காரணம் இன்று தெரியும். காயா மரம் மண்ணிலுள்ள அலுமினியத்தைத் தன் இலையில் சேர்த்து வைக்கிறது. எண்ணெயும் அலுமினியமும் சுண்ணாம்புச் சத்தும் கூடினால்தான் வேரிலுள்ள அலிசரின் என்னும் சிவப்புச் சாயப்பொருள் நூலை விடாமல் பற்றும். வைகைத் தண்ணீருக்குத்தான் இந்தச் சிவப்பு வரும் என்று சாயக்காரர்கள் சொன்னதை வெறும் ஊர்ப்பற்று என்று தள்ளிவிட முடியாது. தண்ணீரில் கரைந்திருக்கும் சுண்ணாம்புக்கு இதில் உண்மையாகவே வேலை இருக்கிறது. ரசாயனம் படிக்காதவர்கள் இலையையும் நீரையும் இவ்வளவு சரியாகத் தேர்ந்தார்கள் என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பு அடங்குவதில்லை.

1868இல் பெர்லினில் கிரேபேயும் லீபர்மனும் நிலக்கரித் தாரிலிருந்து பிரித்த பொருளைக் கொண்டு அலிசரினைச் செய்து காட்டினார்கள். அடுத்த சில ஆண்டுகளிலேயே அது ஆலைச்சரக்காகிவிட்டது. 1893இல் பெர்கினும் ஹம்மலும் சாயவேரை ஆராய்ந்து அதிலும் அலிசரின் இருப்பதை எழுதினார்கள். வேரில் இருந்ததும் ஜெர்மன் டப்பாவில் வந்ததும் ஒரே பொருள்தான். 1897இல் செயற்கை நீலமும் சந்தைக்கு வந்தது. 1906இல் டபிள்யூ. பிரான்சிஸ் மதுரை மாவட்ட விவரச்சுவடியை வெளியிட்டபோது நாட்டுச் சாயங்களின் இடத்தை ஜெர்மன் சரக்கு ஏறக்குறைய பிடித்திருந்தது. 1914இல் போர் மூண்டு அந்தச் சரக்கு நின்றபோது நாட்டு அவுரிக்கு மறுபடி கிராக்கி வந்தது. போர் முடிந்ததும் அதுவும் தணிந்தது.

மதுரைச் சாயக்காரர்கள் புதுச்சரக்கைக் கண்டு தொழிலைக் கைவிட்டவர்கள் அல்லர். அலிசரினைப் பழைய எண்ணெய்ப் பக்குவத்தோடு சேர்த்தே கையாண்டார்கள். முதலில் போனது வேர் மட்டும். பல நாள் வெயிலும் நனைப்பும் அதன் பிறகே மெல்லப் போயின. வேர் தோண்டியவர்களின் பிழைப்பு எப்போது நின்றது என்பதைத் தனியாகவே ஆராய வேண்டும்.

முடிச்சிட்டுச் சாயமேற்றும் மதுரைச் சுங்குடித் துணிக்கு 2005இல் புவிசார் குறியீடு கிடைத்தது. துணியைக் கிள்ளி நூலால் இறுக்கும் முடிச்சு இன்றும் கைவேலைதான். முடிச்சை அவிழ்த்தால் சாயம் ஏறாத வெள்ளைப் புள்ளி தெரிகிறது. சுற்றிலும் இருக்கும் சிவப்பு பெரும்பாலும் சில மணி நேரத்தில் ஏறிய ரசாயனச் சாயம்.