மலிவுப் படங்களும் மணிலா நடிகையரும்



பிலிப்பைன்ஸ் தீவுகளின் திரைப்பட வரலாற்றிலே, பெரியோர் பேசத் தயங்கும் ஒரு பகுதி உண்டு. அச்சம், காமம், குருதி என்னும் மூன்றையும் விற்றுப் பொருள் தேடிய மலிவுப் படங்களின் வரலாறு அது. அவற்றைப் புகழ நான் வரவில்லை. அவற்றில் நடித்த மகளிரின் நிலையைச் சொல்லவே வந்தேன்.

1959-இல் 'டெரர் இஸ் எ மேன்' என்ற அச்சப் படம் அங்கே உருவாயிற்று. இயக்கியவர் ஜெரார்டோ தெ லியோன், மருத்துவம் பயின்றவர். தயாரித்தவருள் ஒருவர் எட்டி ரொமேரோ. அமெரிக்காவிலோ, மோட்டார் வண்டிக்குள் அமர்ந்தபடியே படம் பார்க்கும் திறந்தவெளி அரங்குகள் அக்காலத்தில் பெருகியிருந்தன; அவற்றுக்கு ஓயாமல் தீனி வேண்டியிருந்தது. பிலிப்பைன்ஸில் காடு உண்டு, கூலி குறைவு, ஆங்கிலம் அறிந்த தொழிலாளரும் உண்டு. அமெரிக்க முதலாளிகள் மணிலாவை நாடியதில் வியப்பென்ன?

1971-இல் ரோஜர் கார்மனின் நிறுவனத்துக்காக அங்கே எடுக்கப்பட்ட 'தி பிக் டால் ஹவுஸ்', சிறைப்பட்ட பெண்களின் கதை. அதில் நடித்த பாம் கிரியர் என்னும் கறுப்பின நங்கை, 1973-இல் ரொமேரோ இயக்கிய 'பிளாக் மாமா ஒயிட் மாமா'விலே ஒரு வெள்ளைப் பெண்ணுடன் சங்கிலியால் பிணைக்கப்பட்டு ஓடுகிறார். அவ்வாண்டே 'காஃபி' என்னும் படத்தால் அமெரிக்காவில் பெரும்புகழ் எய்தினார். இத்தகைய படங்களைக் காணும்பொழுதெல்லாம், என் கண் முன்வரிசையை விட்டுப் பின்வரிசைக்கே செல்கிறது. தம் மண்ணில் எடுத்த படத்திலே, பிலிப்பைன்ஸ் பெண்கள் பெரும்பாலும் பெயரற்ற கைதிகளாய் நிற்கிறார்கள்.

உள்நாட்டுப் படமுதலாளிகள் மட்டும் இரக்கமுடையவர்களோ? 1970-ஐ ஒட்டி 'பொம்பா' எனப்பட்ட ஆபாசப் படங்கள் கொட்டகைகளை நிறைத்தன. 1972 செப்டம்பரில் அதிபர் மார்க்கோஸ் இராணுவச் சட்டத்தைப் பிறப்பித்தார்; தணிக்கை இறுகிற்று. ஆடையைக் களைதல் கூடாதென்றால் நனைத்துக் காட்டலாமே என்று முதலாளிகள் வழி கண்டனர்! 1969-இல் பிரபஞ்ச அழகியாக முடிசூடிய குளோரியா டியாஸ், அவ்வகைப் படமொன்றில் 1974-இல் நடித்தார். செல்சோ அட் காஸ்தில்யோ இயக்கிய அப்படத்தின் பெயரைத் தமிழில் சொன்னால், 'புவிமேல் மிக அழகிய விலங்கு' என்றாகும். நாடே கொண்டாடிய நங்கைக்கு அவர்கள் சூட்டிய பட்டம் அது.

ஆயினும் அந்நடிகையின் வரலாறு அத்துடன் நிற்கவில்லை. 1976-இல், 'அன்று நாங்கள் இவ்வாறு இருந்தோம். இன்று நீங்கள் எவ்வாறு?' என்னும் பொருள்படும் தலைப்புடன் ஒரு படம் வெளிவந்தது. ஸ்பானியர் ஆட்சியின் இறுதியில், பிலிப்பினோ என்பவன் யார் என்று தேடித் திரியும் இளைஞனின் கதை அது. அவன் காதலிக்கும் நாடக நடிகையாகத் தோன்றியவர் குளோரியா டியாஸ். இயக்கியவரோ, சங்கிலி பூட்டி ஓடவிட்ட அதே எட்டி ரொமேரோ! அவரே 2003-இல் தேசியக் கலைஞர் என்னும் விருதையும் பெற்றார்.

அதே 1976-இல் லீனோ புரோக்கா, மணிலாவின் சேரிப் பெண்ணொருத்தியின் துயரை 'இன்சியாங்' என்னும் படமாக்கினார். அதில் ஹில்டா கொரோனல் நடித்த அப்பெண், தன்னைக் கெடுத்தவன்மீது தானே பழி தீர்க்கிறாள். அப்படம் 1978-இல் கான் திரைப்பட விழாவிலே காட்டப்பட்டது.