மேடையும் கத்திரியும்

திருச்சி நாடகம் என்று பேச்செடுத்தால் மூன்று பெயர் உடனே வந்து விழும்: பாகவதர், எம்.ஆர். ராதா, சிவாஜி. எஃப்.ஜி. நடேசய்யரின் ரசிக ரஞ்சன சபாவில் லோகிதாசனாகச் சின்ன வயசிலேயே வேஷம் கட்டியவர் தியாகராஜ பாகவதர். 1926-ல் பொன்மலையில் அவர் நடித்த பவளக்கொடி, 1934-ல் படமாயிற்று. சங்கிலியாண்டபுரத்தில் வளர்ந்த கணேசன் பாய்ஸ் கம்பெனிக்குப் போய், பெண் வேஷம் முதல் எல்லா வேஷமும் போட்டு, 1952-ல் பராசக்தியில் நின்றார். மேடையில் ஊர் ஊராக ராதா போட்ட ரத்தக்கண்ணீர் 1954-ல் திரைக்கு வந்தது.

நடிகன் பெயர் எல்லாருக்கும் தெரியும். அந்த நாடகங்களைப் படமாக வெட்டி ஒட்டியவன் பெயர் எத்தனை பேருக்குத் தெரியும்? பராசக்தியை இயக்கிய கிருஷ்ணன்-பஞ்சு இரட்டையரில் பஞ்சு தொழிலால் எடிட்டர். அந்தப் படத்தின் எடிட்டிங்கையும் அவரே 'பஞ்சாபி' என்ற பெயரில் செய்தார். படப்பிடிப்பின் தொடக்கத்தில் கணேசனை மாற்றிவிடலாமா என்றுகூட ஏவி.எம். தரப்பில் யோசனை இருந்தது. தயாரிப்பாளர் பெருமாள் விட்டுக்கொடுக்கவில்லை. அவர் முதலில் நடித்த காட்சிகளைப் பின்னால் திரும்ப எடுத்துச் சேர்த்தார்கள். நாம் பார்க்கிற பராசக்தியில் இருப்பது அப்படித் தேறி வந்த கணேசன்தான்.

மேடையில் இது நடக்காது. உளறினாலும் சபையில் உளறினதுதான், கைதட்டு வாங்கினாலும் அங்கேயே வாங்கினதுதான். படத்தில் ஒரு விநாடிக்கு 24 சட்டம், ஒரு நிமிஷத்துக்கு 90 அடி பிலிம். அதில் எது மக்கள் கண்ணில் படணும், எது குப்பைக்கூடைக்குப் போகணும் என்பதைக் கத்திரி பிடித்தவன் முடிவு செய்கிறான். அவனுக்குப் பின்னால் முதலாளி நிற்கிறார், சென்சார் நிற்கிறது.

அதிகாரத்துக்கு இது நல்லாவே தெரியும். ராதா அன்றைக்குக் காலையில் பேப்பரில் வந்ததை ராத்திரி மேடையில் பேசுவார். இன்றைக்குப் பேசிய வசனம் நாளைக்கு இருக்காது. அவர் ராமாயணத்தை எடுத்துப் போட்ட நாடகம் தடைசெய்யப்பட்டது. அப்படிப்பட்ட ஆளை எந்தக் கத்திரியால் வெட்டுவது? அதனால்தான் 1954-ல் நாடகத்துக்கென்றே சென்னை அரசு ஒரு சட்டம் கொண்டுவந்தது. அதன் முக்கியமான பிரிவுகளைச் சென்னை உயர்நீதிமன்றம் ரத்து செய்ய 2013 வரை ஆயிற்று.

இந்தக் கத்திரிக் கணக்கை நம்ம கதையில் போட்டுப் பார்ப்போம். தமிழ் மேடையிலிருந்து திரைக்குப் போன கதைகளில் சேரிக்காரனை நாயகனாக வைத்த கதை எது? நந்தன் கதை.

பெரியபுராணத்தில் நந்தனை வாட்டுகிற வேதியர் கிடையாது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி நந்தனார் சரித்திரம் எழுதியபோதுதான் அந்தப் பண்ணையார் ஐயர் வந்தார். நடவும் அறுப்பும் முடிந்தால்தான் சிதம்பரம் போகலாம் என்ற நிபந்தனையும் அவரோடு வந்தது. பண்ணையாளின் நிஜ வாழ்க்கை அங்கேதான் கதைக்குள் நுழைந்தது. திரிசிரபுரம் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை அதற்குச் சிறப்புப்பாயிரம் தரத் தயங்கினார். பெரியபுராணத்தோடு ஒத்துப்போகவில்லை, இலக்கணப் பிழை இருக்கு என்பது அவர் குறை. பாட்டைக் கேட்ட பிறகுதான் மனம் இறங்கினார். கதாகாலட்சேபமாகவும் நாடகமாகவும் ஊர் ஊராகப் போன அந்தக் கதை, 1935-ல் கே.பி. சுந்தராம்பாள் நடித்த பக்த நந்தனாராகப் படமாயிற்று. 1942-ல் ஜெமினி மறுபடி எடுத்தது. நந்தனாராக நடித்தவர் எம்.எம். தண்டபாணி தேசிகர்.

யார் எப்படி எடுத்தாலும் கதை முடிகிற இடம் ஒன்றுதான். நந்தன் தீயில் இறங்கணும். வந்த உடம்போடு கோயிலுக்குள் போக முடியாது. புராணத்தில் அவர் பூணூலோடு எழுந்து சிற்றம்பலத்தில் மறைந்துவிடுகிறார். மறைந்தவன் திரும்பி வந்து கூலி கேட்க மாட்டான், நிலம் கேட்க மாட்டான்.

திருவரங்கத்துக் கதையைப் பாருங்கள், அதே முடிவு. உறையூர்த் திருப்பாணர் காவிரிக் கரையில் மெய்மறந்து நிற்கிறார். தண்ணீர் எடுக்க வந்த லோகசாரங்கர் கல்லெறிகிறார். பாணர் நெற்றியில் ரத்தம். உள்ளே அரங்கன் நெற்றியிலும் ரத்தம் என்கிறது குருபரம்பரைக் கதை. பிறகு அரங்கன் சொன்னபடி லோகசாரங்கர் பாணரைத் தோளில் சுமந்து உள்ளே கொண்டுபோகிறார். பாணர் பத்தே பாசுரம் பாடுகிறார், கலந்து மறைகிறார். கல்லெறிந்தவர் 'முனிவாகனன்' என்ற பெயருக்குள் முனிவராக நிற்கிறார். அடுத்த நாள் பாணருடைய சனங்கள் அதே வாசலுக்கு வந்தார்களா, வந்தால் என்ன ஆச்சு? கதையில் அது இல்லை. அந்த இடத்தில் வெட்டு விழுந்திருக்கிறது. சினிமா பிறப்பதற்கு எத்தனையோ நூற்றாண்டு முந்தியே நம்ம ஆட்கள் கதைக்கு எடிட்டர்கள் இருந்திருக்கிறார்கள்.

இந்த முடிவை நம்ம சனம் பேசாமல் ஏற்றுக்கொண்டது என்று யாராவது சொன்னால், கோலார் தங்கவயலைச் சொல்லுங்கள். ஜெமினியின் நந்தனார் அங்கே திரையிடப்பட்டபோது தலித் மக்கள் எதிர்த்தார்கள். நந்தன் ஏன் எரியணும் என்பதுதான் விஷயம். எஸ்.எஸ். வாசன் தீக்குளிக்கும் காட்சியை எடுத்துவிட்டு, நந்தன் பாடிக்கொண்டே நேராகக் கருவறைக்குள் நடந்து போகிற மாதிரி ஒரு துண்டை, தங்கவயலில் காட்டுவதற்கென்றே தயாரித்துச் சேர்த்தார்.

தமிழ் சினிமா வரலாறு எழுதுகிறவர்கள் இதை ஒரு சுவையான துணுக்காகச் சொல்லிவிட்டுப் போகிறார்கள். நமக்கு இது துணுக்கு இல்லை. சுரங்கத்துக்குள் இறங்கி உழைத்த சனம் ஒரு பெரிய முதலாளியின் கத்திரியைப் பிடுங்கி, ஆயிரம் வருஷத்து முடிவை வெட்டிப் போட்டிருக்கிறது. அந்தத் துணிச்சல் சும்மா வரவில்லை. அயோத்திதாசப் பண்டிதர் நடத்திய 'தமிழன்' இதழ் அவர் மறைவுக்குப் பின் 1926-லிருந்து தங்கவயலில் அப்பாதுரையார் பொறுப்பில் வெளிவந்தது. மாரிக்குப்பத்தில் பௌத்த சங்கம் இருந்தது. வாசித்த சனம், விவாதித்த சனம். காசு கொடுத்துப் படம் பார்க்க வந்த இடத்திலும் கேள்வி கேட்டது.

ஆனால் ஒன்று. அந்த மாற்றம் தங்கவயலுக்கு மட்டும்தான். மற்ற ஊர்க் கொட்டகைகளில் நந்தன் எரிந்துகொண்டுதான் இருந்தான். சத்தம் போட்ட இடத்தில் திருத்தம், சத்தம் வராத இடத்தில் பழைய பிரதி. சலுகைகள் நமக்கு எப்படி வந்து சேர்கின்றன என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் வேண்டாம்.

முழுப் பிரதியும் நம்ம முடிவோடு வர வெகுகாலம் ஆயிற்று. 2018-ல் மாரி செல்வராஜின் 'பரியேறும் பெருமாள்' வந்தது. பா. ரஞ்சித் தயாரித்தது, எடிட்டிங் செல்வா ஆர்.கே. கடைசியில் நாயகன் எரியவில்லை, மறையவில்லை. உயிரோடு நின்று பெண்ணின் அப்பாவிடம் நேருக்கு நேர் பேசுகிறான். 2024-ல் ரஞ்சித்தின் 'தங்கலான்' தங்கவயலுக்கே கதையைக் கொண்டுபோனது. அதற்கும் எடிட்டர் செல்வாதான். 1942-ல் கொட்டகை வாசலில் நின்று சண்டை போட்டுப் பெற வேண்டியிருந்ததை இப்போது எடிட்டிங் ரூமுக்குள் உட்கார்ந்தே முடிவு செய்ய முடிகிறது.

சேரிப் பிள்ளைகள் கூத்தாடுவார்கள், பறையடிப்பார்கள், நல்லா நடிப்பார்கள் என்று நம்மை மேடையோடு நிறுத்திவைப்பதில் மற்றவர்களுக்கு ஒரு சிரமமும் இல்லை. ஆட்டம் நம்முடையது, அதை எங்கே நிறுத்துவது என்ற முடிவு அவர்களுடையது. இன்றைக்குக் கத்திரியும் இல்லை, பசையும் இல்லை. ஒரு கம்ப்யூட்டர் போதும். வீதி நாடகம் போடுகிற நம்ம தோழர்கள், அந்த வேலையை முடித்த கையோடு எடிட்டிங்கும் படிக்கணும். நந்தன் எந்த வாசல் வரைக்கும் போகிறான் என்பது அங்கேதான் முடிவாகிறது.