கூட்டு வியாபாரத்தில் ஒரு பங்குக்கு லாபம் எவ்வளவு, நஷ்டம் எவ்வளவு?

நாலு பேர் சேர்ந்து முதல் போட்டு வியாபாரம் செய்யும்போது மனஸ்தாபம் வருவது பெரும்பாலும் கணக்கில்தான். இதற்குத் தேவையானது ஐந்தாம் வகுப்புக் கணக்கு. மொத்த லாபத்தையோ நஷ்டத்தையோ மொத்தப் பங்குகளால் வகுத்தால் ஒரு பங்குக்கு உரியது கிடைக்கும். அதை அவரவர் பங்குகளால் பெருக்க வேண்டும், அவ்வளவுதான்.

ஜவ்வாது மலையடிவாரத்தில் உள்ள கண்ணமங்கலத்தில் மூன்று பேர் சேர்ந்து மலைப்புளி வாங்கி விற்பதாக வைத்துக்கொள்வோம். ஒருவர் 2,00,000 ரூபாயும், அடுத்தவர் 1,20,000 ரூபாயும், மூன்றாமவர் 80,000 ரூபாயும் போடுகிறார்கள். 20,000 ரூபாயை ஒரு பங்கு என்று வைத்தால் பங்குகள் 10, 6, 4. மொத்தம் 20.

கிலோ 70 ரூபாய்க்கு 5,000 கிலோ வாங்கினால் 3,50,000 ரூபாய். வண்டி வாடகை, ஏற்று இறக்குக் கூலி, குடோன் வாடகை எல்லாம் சேர்ந்து 50,000. ஆக அடக்கம் 4,00,000. காய்ச்சலில் 100 கிலோ எடை குறைந்து 4,900 கிலோதான் விற்பனைக்கு வருகிறது. கிலோ 90 ரூபாய்க்குப் போனால் வரவு 4,41,000, லாபம் 41,000. இருபதால் வகுத்தால் பங்குக்கு 2,050 ரூபாய். மூவருக்கும் முறையே 20,500, 12,300, 8,200.

அதே சரக்கு 75 ரூபாய்க்குத்தான் விலை போனது என்றால்? "எழுபதுக்கு வாங்கி எழுபத்தைந்துக்கு விற்றோம், கிலோவுக்கு ஐந்து ரூபாய் லாபம்" என்று பலரும் சொல்லிவிடுவார்கள். வரவு 3,67,500 மட்டுமே. 32,500 ரூபாய் நஷ்டம், அதாவது பங்குக்கு 1,625. செலவையும் எடைக்குறைவையும் சேர்த்தால் இந்தச் சரக்கின் அசல் விலை கிலோவுக்கு சுமார் 81 ரூபாய் 63 காசு. அதற்குக் கீழே விற்ற ஒவ்வொரு கிலோவும் நஷ்டம்தான். கம்பெனிப் பங்கு வாங்கி விற்பவர்களும் இங்கேதான் சறுக்குகிறார்கள். தரகுக் கூலியையும் வரியையும் சேர்க்காமல் வாங்கிய விலையை மட்டும் பார்க்கிறார்கள்.

இனி, மூன்றாமவரே மலைக்கும் மண்டிக்கும் அலைகிறார் என்றால் அவர் உழைப்புக்கு என்ன? லாபத்தில் கால் பங்கு அவருக்கு என்று முதலிலேயே பேசிக்கொள்ளலாம். 41,000-ல் 10,250 போக மீதி 30,750. பங்குக்கு 1,537 ரூபாய் 50 காசு. முதலாமவருக்கு 15,375, இரண்டாமவருக்கு 9,225, மூன்றாமவருக்கு உழைப்பும் முதலும் சேர்ந்து 16,400. நஷ்டம் வந்தால் இந்தக் கால் பங்குக்கு வேலை இல்லை. நஷ்டம் போட்ட முதலின் விகிதப்படியே பிரியும். அவருடைய அலைச்சல் வீண்.

முஷாரகா எனும் கூட்டு வியாபாரச் சட்டத்தின் அடிப்படையே இதுதான். நஷ்டம் முதலின் அளவுக்கே என்பதில் கருத்து வேறுபாடு இல்லை. லாபத்தை வேறு விகிதத்தில் பேசிக்கொள்ள ஹனஃபி மத்ஹபில் இடமுண்டு. ஷாஃபி மத்ஹபில் லாபமும் முதலின் விகிதப்படிதான். ஒருவர் பணம், மற்றவர் உழைப்பு மட்டும் என்ற முளாரபாவில், உழைப்பவரின் கவனக்குறைவோ ஒப்பந்த மீறலோ இல்லாதவரை பண நஷ்டம் முழுவதும் பணம் போட்டவருக்கே.

இதையெல்லாம் வாய்ப்பேச்சோடு விடக்கூடாது என்பதற்கு இன்னொரு காரணம் நாட்டின் சட்டம். வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால் கூட்டாளிகள் லாபத்தையும் நஷ்டத்தையும் சமமாகப் பிரித்துக்கொள்ள வேண்டும் என்கிறது 1932-ஆம் ஆண்டு இந்தியக் கூட்டாண்மைச் சட்டத்தின் 13-ஆவது பிரிவு. மேற்சொன்ன நஷ்டத்தைச் சமமாகப் பிரித்தால் 80,000 போட்டவர் 6,500-க்குப் பதில் சுமார் 10,833 ரூபாய் சுமக்க வேண்டிவரும். அண்ணன் தம்பிகளுக்குள் எழுத்து எதற்கு என்பவர்கள் இந்த இரண்டு தொகைகளையும் ஒருமுறை பக்கத்தில் வைத்துப் பார்க்கட்டும்.

லாபத்தைச் சதவீதமாகத்தான் பேச வேண்டும். "லட்சத்துக்கு மாதம் இவ்வளவு" என்று ரூபாயில் நிச்சயித்துவிட்டால் அங்கே வகுப்பதற்கு எதுவும் இல்லை. பெயர் லாபம் என்றாலும் அது வட்டியின் கணக்குதான். நம் புளி வியாபாரம் நன்றாக நடந்த பருவத்திலேயே பங்குக்கு 10.25 சதவீதம்தான் வந்தது. ஆரணியிலும் கிளை வைத்திருந்த ஆருத்ரா கோல்டு நிறுவனம் மாதத்துக்கே 25 முதல் 30 சதவீதம் தருவதாகச் சொன்னது. சுமார் 1 லட்சம் பேரிடம் 2,438 கோடி ரூபாய் வசூலானதாக 2022-இல் பதிவான வழக்கில் போலீஸ் தரப்பு கூறியது. பெங்களூரில் ஹலால் முதலீடு என்ற பெயரில் நம் சமுதாய மக்களிடம் பணம் திரட்டிய ஐ.எம்.ஏ. 2019 ஜூனில் முடங்கியது. இப்படிப் பணம் கேட்டு வருபவர்களிடம் போன பருவத்தின் மொத்த வரவு, மொத்தச் செலவு, மொத்தப் பங்குகள் ஆகிய மூன்றையும் எழுத்தில் கேளுங்கள். நஷ்டம் வந்த மாதம் எது என்றும் கேளுங்கள்.