இறையன்பு, வெ.

தமிழில் தலைமைப் பண்பைப் பற்றிப் புத்தகம் எழுதியவர்கள் பலர். எழுதிக்கொண்டே மாநில நிர்வாகத்தின் உச்சப் பொறுப்புக்கும் வந்தவர் வெ. இறையன்பு. 1963இல் சேலத்தில் பிறந்தவர், வேளாண்மைப் பட்டதாரி, 1988ஆம் ஆண்டுத் தொகுதி இ.ஆ.ப. அதிகாரி.

காஞ்சிபுரம் மாவட்ட ஆட்சியராக அவர் இருந்த காலம் தனித்துப் பேசத்தக்கது. உடலும் கரையும் வேறு வேறு நிறத்தில் அமையும் காஞ்சிபுரத்துக் கோர்வைப் பட்டுச் சேலையை மரபு முறையில் ஒரே ஆள் நெய்ய முடியாது. நெசவாளர் தறியில் அமர, கரைப்பக்க நாடாவைத் தள்ளிவிடப் பக்கத்தில் இன்னொருவர் வேண்டும். அந்த இடத்தில் பெரும்பாலும் குழந்தைகளே உட்கார்ந்தார்கள். பெற்றோர் வாங்கிய முன்பணம் பல பிள்ளைகளைத் தறியோடு கட்டிப்போட்டது. பகலெல்லாம் வேலை செய்த இக்குழந்தைகள் இரவில் படிக்க இறையன்பு தொடங்கியவைதாம் நிலவொளிப் பள்ளிகள். நிர்வாகம் என்பது எளியவரின் நிலையறிந்து செயல்படுவது என்று அவர் எழுதுவதற்கு இதைவிட நல்ல விளக்கம் கிடைக்காது.

தன்னம்பிக்கை, தலைமைப் பண்பு பற்றிய எழுத்தில் அவருக்கு முன்னோடிகள் உண்டு. ‘எண்ணங்கள்’ எழுதிய எம்.எஸ். உதயமூர்த்தி தன்னம்பிக்கையை ஓர் இயக்கமாகவே வளர்த்தார். 1988இல் வெளிவந்த ‘உன்னால் முடியும் தம்பி’ படத்தின் நாயகனுக்கு கே. பாலசந்தர் அவர் பெயரையே சூட்டினார். உதயமூர்த்தி தனிமனிதனின் மனவலிமையிலிருந்து தொடங்கினார் என்றால், இறையன்பு இலக்கியத்திலிருந்து தொடங்குகிறார். ‘இலக்கியத்தில் மேலாண்மை’ அந்த அணுகுமுறையைப் பெயரிலேயே சொல்கிறது. ‘வையத் தலைமை கொள்’, ‘போர்த்தொழில் பழகு’ ஆகிய நூல்கள் பாரதியின் புதிய ஆத்திசூடியிலிருந்து தலைப்பைப் பெற்றவை. குடிமைப் பணித் தேர்வுக்குத் தயாராகும் கிராமத்து இளைஞர்களிடம் அவருடைய நூல்களுக்கும் மேடைப் பேச்சுகளுக்கும் பெரிய வரவேற்பு உண்டு. ‘ஆத்தங்கரை ஓரம்’ போன்ற நாவல்களும் எழுதியிருக்கிறார்.

2021 மே மாதம் தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளரானதும் பள்ளிக் கல்வித் துறைக்கு அவர் ஒரு கடிதம் அனுப்பினார். தாம் இப்பொறுப்பில் இருக்கும்வரை, எந்தத் திட்டத்தின் கீழும் தம் நூல்களை வாங்கக் கூடாது என்றார். அரசு விழாக்களில் தம் புத்தகங்களைப் பரிசளிக்கவும் வேண்டாம், சொந்தச் செலவிலும் கூடாது என்றார். அதிகாரத்தில் இருப்பவரின் புத்தகம் நூலகங்களில் குவிவது எவ்வளவு எளிது என்பதை அறிந்தவர்களுக்கு, அவருடைய எழுத்துகளிலேயே முதலில் படிக்க வேண்டியது இந்தக் கடிதம்தான். பொறுப்பில் இருப்பவருக்கு இப்படி வரம்பு கட்டுவது புதிதல்ல: அவர் ஆட்சியராக இருந்த அதே காஞ்சிபுரம் மாவட்டத்தில் உள்ள, பராந்தக சோழன் காலத்து உத்திரமேரூர்க் கல்வெட்டும், ஊர்ச்சபை வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரையும் அவர் உறவினரையும் குடவோலைத் தேர்தலிலிருந்து விலக்கி வைத்தது.

2023 ஜூன் 30 அன்று பணி ஓய்வு பெற்றார்.