கொழும்பில் தரித்த இரு நீர்மூழ்கிகள்

1914ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம், கொழும்புத் துறைமுகத்தின் அலைதாங்கிகளுக்குள் இரண்டு நீர்மூழ்கிக் கப்பல்கள் வந்து தரித்தன. ஒன்றின் பெயர் ஏஈ1, மற்றதன் பெயர் ஏஈ2. அவுஸ்திரேலியா தனக்கெனப் புதிதாக அமைத்துக்கொண்ட கடற்படைக்கு இங்கிலாந்தின் விக்கர்ஸ் கம்பெனி கட்டிக்கொடுத்தவை அவை. மார்ச் 2ஆம் திகதி போர்ட்ஸ்மவுத்தை விட்டுக் கிளம்பி, ஜிப்ரால்டர், மால்ட்டா, சுயஸ், ஏடன் எனக் கடந்து வந்திருந்தன. கொழும்பு வரை அவற்றுக்குத் துணையாக வந்தது எக்லிப்ஸ் என்ற போர்க்கப்பல். இங்கிருந்து சிங்கப்பூர் வரை யார்மவுத். சிங்கப்பூருக்கு அப்பால் சிட்னி. இந்தச் சிட்னிதான் அதே ஆண்டு நவம்பரில் கொக்கோஸ் தீவருகே எம்டனை முறியடித்து, அதன் மாலுமிகளைக் கைதிகளாகக் கொழும்புக்குக் கொண்டுவந்தது. எம்டன் என்ற பெயர் நம் பேச்சுமொழியில் ஒரு வசைச்சொல்லாகவும் பாராட்டாகவும் நிலைத்துவிட்டது. ஏஈ2வின் பெயரோ இங்கே எவருக்கும் தெரியாது. ஆனால் இலங்கை முஸ்லிம்களின் மனம் அன்று எங்கே நின்றது என்பதை அறிய, எம்டனைவிட ஏஈ2வின் கதையே எமக்கு அதிகம் உதவும்.

முதலில் அந்தக் கலத்தைப் பற்றி. 'ஈ' வகுப்பு நீர்மூழ்கி அன்றைய பிரித்தானியக் கடற்படையின் மிகப் புதிய வடிவமைப்பு. நீளம் 55 மீற்றர். நடுப்பகுதியின் அகலம் ஏழு மீற்றருக்குச் சற்றுக் குறைவு. மேற்பரப்பில் ஓட இரண்டு டீசல் இயந்திரங்கள், நீருக்கடியில் ஓட மின்கலங்களால் இயங்கும் மோட்டார்கள். மேலே மணிக்கு 15 கடல்மைல் வேகம். கீழே பத்து மைல்தான், அதுவும் மின்கலம் தாங்கும் கொஞ்ச நேரத்துக்கு. ஆகவே இதை நீருக்கடியில் வாழும் கப்பல் என்று எண்ணிவிடக் கூடாது. தேவைப்படும்போது மட்டும் மூழ்கக்கூடிய கப்பல் என்பதே பொருத்தம். மின்கலம் தீர்ந்தால் மேலே வந்து டீசலை ஓட்டித்தான் மீண்டும் மின்னேற்ற வேண்டும்.

டோர்பிடோ ஏவும் குழாய்கள் நான்கு: முன்னே ஒன்று, பின்னே ஒன்று, இரு பக்கங்களிலும் ஒவ்வொன்று. பக்கவாட்டில் குழாய் வைத்தது ஒரு யோசனையோடுதான். ஒடுங்கிய இடத்தில் கப்பலைத் திருப்பாமலே பக்கத்திலிருந்து அடிக்கலாம். ஆனால் பீரங்கி ஒன்றுகூட வைக்கவில்லை. நீர்மூழ்கிக்கு மேல்தளப் பீரங்கி எதற்கு என்று அன்று எண்ணினார்கள் போலும். இந்தக் குறை பின்னால் வரும்.

முப்பத்தைந்து பேர் வரை, பாதி பிரித்தானியர் பாதி அவுஸ்திரேலியர், இரும்புக் குழாய் ஒன்றுக்குள் செங்கடலையும் அரபிக்கடலையும் கடந்து வந்திருக்கிறார்கள். வழியில் ஏஈ2வின் சுழல்விசிறி அலகு உடைந்தது, ஒரு தடவை அல்ல. தூரத்தின் ஒரு பகுதியைத் துணைக்கப்பல் கட்டியிழுத்தே கடந்தார்கள். மே 24இல் சிட்னி போய்ச் சேர்ந்தபோது அந்நாள் வரை எந்த நீர்மூழ்கியும் செல்லாத நீண்ட பயணமாக அது பதிவானது. போர் தொடங்கிச் சில வாரங்களில், செப்டம்பர் 14ஆம் திகதி, ஏஈ1 நியூ கினிக்கு அருகில் 35 பேருடன் காணாமல் போனது. எஞ்சிய ஏஈ2வை அவ்வாண்டின் இறுதி நாளில் அவுஸ்திரேலியப் படைகளை ஏற்றிய கப்பற்கூட்டத்தோடு மத்தியதரைக் கடலுக்கு அனுப்பினார்கள். இப்போது எதிரி ஜேர்மனி மட்டுமல்ல, துருக்கியும்.

இந்த இடத்தில்தான் கொழும்பு முஸ்லிம்களின் கதை வந்து சேர்கிறது. துருக்கி அவர்களுக்கு வெறும் அந்நிய நாடல்ல. 1882இல் சித்திலெப்பை தொடங்கிய 'முஸ்லிம் நேசன்' காலத்திலிருந்தே துருக்கி, எகிப்துச் செய்திகளைத் தமிழில் படித்து வந்தவர்கள் அவர்கள். வெள்ளிக்கிழமைக் குத்பாவில் உதுமானிய சுல்தானுக்காகத் துஆ கேட்கப்பட்டது. 1905இல் சட்டத்தரணி எம். சி. அப்துல் காதர் துருக்கித் தொப்பியோடு உயர் நீதிமன்றத்தில் ஆஜராவதற்குப் பிரதம நீதியரசர் தடைவிதித்தபோது, அந்தச் சிவப்புத் தொப்பிக்காகவே மருதானைப் பள்ளிவாசல் முன்றலில் பெருங்கூட்டம் திரண்டது. முடிவில் நீதிமன்றம் இறங்கி வந்தது. அதே மக்கள்தான் பிரித்தானிய முடியின் விசுவாசமான பிரஜைகளாகவும் இருந்தார்கள். வியாபாரம், துறைமுகம், நீதிமன்றம், பள்ளிக்கூடம் எல்லாமே அந்த முடியின் கீழ்தான். 1914 நவம்பரில் இஸ்தான்பூலில் ஷெய்குல் இஸ்லாம் ஜிஹாத் பிரகடனம் செய்தபோது இரண்டு விசுவாசங்களும் ஒரே வீட்டுக்குள் ஒன்றையொன்று பார்த்துக்கொண்டன. ஏஈ2 தரித்துச் சென்ற மற்றொரு துறைமுகமான சிங்கப்பூரில் அந்த முரண் வெடித்தே விட்டது: 1915 பெப்ரவரி 15ஆம் திகதி அங்கிருந்த இந்திய முஸ்லிம் சிப்பாய்கள் கிளர்ந்தெழுந்து, காவலில் இருந்த ஜேர்மன் கைதிகளின் முகாமையும் திறந்துவிட்டார்கள். கொழும்பில் அப்படி எதுவும் நிகழவில்லை. இங்கே மௌனமே அரசியலாக இருந்தது.

ஏப்ரல் 25ஆம் திகதி அதிகாலை இரண்டரை மணியளவில் ஏஈ2 தார்தனெல்ஸ் நீரிணைக்குள் நுழைந்தது. அதே விடியலில்தான் கலிபொலிக் கரையில் படைகள் இறங்கின. கப்பலின் கட்டளை அதிகாரி ஹென்றி ஸ்டோக்கர், அயர்லாந்துக்காரர். சுமார் அறுபது கிலோமீற்றர் நீளமான அந்த நீரிணையில் கண்ணிவெடிகள், தேடுவிளக்குகள், இரு கரையிலும் கோட்டைகள். அதற்கும் மேலாக நீரின் இயல்பு. மேலே மர்மரா கடலிலிருந்து வெளியே ஓடும் இலேசான நீர்; அடியில் எதிர்த்திசையில் உள்ளே ஓடும் உப்புச்செறிந்த கனமான நீர். இரண்டு அடுக்குகளின் அடர்த்தி வேறாக இருப்பதால் மூழ்கியிருக்கும் கப்பலின் சமநிலை சட்டென்று குலைந்துவிடும். பிரெஞ்சு நீர்மூழ்கி சஃபீரும் பிரித்தானிய ஈ15உம் அங்கே ஏற்கனவே அழிந்திருந்தன. ஸ்டோக்கர் ஒரு துருக்கியப் போர்க்கப்பலை டோர்பிடோவால் தாக்கிவிட்டு, இரு தடவை கோட்டைகளுக்கு நேர்கீழே தரைதட்டி, இரண்டு தடவையும் மீண்டு, பிறகு பதினாறு மணிநேரம் கடலடியில் மூச்சடக்கிக் கிடந்து, மர்மராவுக்குள் போய்ச் சேர்ந்தார். நேசநாட்டு நீர்மூழ்கிகளில் முதலில் அங்கு புகுந்தது இதுவே. கலீபாவின் தலைநகரம் அக்கடலின் மறுகரையில் இருந்தது.

ஐந்து நாட்கள் அங்கே உலவியும் அது ஏவிய டோர்பிடோக்கள் எவையும் பயன்தரவில்லை. ஏப்ரல் 30ஆம் திகதி, மேலே சொன்ன அதே சமநிலைக் குழப்பம். மூக்கு ஒருதரம் மேலெழும், ஒருதரம் பாதாளத்தை நோக்கிச் சரியும். நீர்மட்டத்துக்கு மேல் தலைகாட்டிய நேரத்தில் எதிரே நின்றது சுல்தான்ஹிஸார், ஒரு சிறிய துருக்கிய டோர்பிடோப் படகு. அதன் சின்னப் பீரங்கிகள் ஏஈ2வின் உடலைத் துளைத்தன. பதிலுக்குச் சுட ஏஈ2விடம் ஒரு பீரங்கியும் இல்லை. ஸ்டோக்கர் ஆட்களை மேலே அனுப்பிவிட்டுக் கப்பலைத் தானே மூழ்கடித்தார்.

கப்பலிலிருந்த 32 பேரையும் சுல்தான்ஹிஸார் நீரிலிருந்து தூக்கியெடுத்தது. அதன் கப்டன் அலி ரிஸா. அன்ஸாக் பெருமை பாடும் நூல்களில் இவருக்குக் கிடைப்பது பெரும்பாலும் ஓரிரு வரிகள்தான். தம் தலைநகரின் வாசலில் புகுந்த எதிரிகளில் ஒருவரையும் கடலில் விட்டுவிடாத மனிதருக்கு அது போதாது என்பது என் எண்ணம். நான்கு பேர் பின்னர் கைதிமுகாம் வாழ்வில் இறந்தார்கள் என்பதையும் மறைக்க வேண்டியதில்லை. டோரஸ் மலையில் ரயில்பாதைச் சுரங்க வேலையிலும் நோயிலும் பல கைதிகளின் வாழ்வு கழிந்தது. ஸ்டோக்கர் உயிரோடு திரும்பி, நாடக நடிகராகி, 1925இல் தன் நினைவுகளை நூலாக வெளியிட்டார்.

சரியாக நான்கு வாரம் கழித்து, மே 28ஆம் திகதி இரவு, கண்டியில் முஸ்லிம்களின் கடைகள் எரியத் தொடங்கின. கொழும்புக்கும் தீ பரவியது. அரசின் கணக்கிலேயே 25 முஸ்லிம்கள் கொல்லப்பட்டார்கள். நாலாயிரத்துக்கும் மேற்பட்ட கடைகளும் வீடுகளும் சூறையாடப்பட்டன. 17 பள்ளிவாசல்கள் எரிக்கப்பட்டன. அரசு ஜூன் 2இல் கொழும்பில் இராணுவச் சட்டம் கொண்டுவந்தபோதும், இதை முஸ்லிம்கள் மீதான வன்செயல் என்பதைவிட முடிக்கெதிரான சதியாகவே முதலில் பார்த்தது. சிங்களத் தலைவர்கள் சிறைக்குச் சென்றார்கள். ஹென்றி பேதிரிஸ் சுட்டுக் கொல்லப்பட்டார். தார்தனெல்ஸ் வரை நீர்மூழ்கி அனுப்ப வல்ல பேரரசு, கண்டித் தெருவொன்றை அந்த இரவில் காக்கவில்லை. அதன்பின் இலங்கை முஸ்லிம்கள் எந்தப் பக்கம் சாய்ந்தார்கள் என்று கேட்பவர்கள், அவர்களுக்குச் சாய வேறு பக்கம் இருந்ததா என்றும் கேட்க வேண்டும். கலீபா தொலைவில் இருந்தார். கடைகளோ சாம்பலாகிக் கிடந்தன.

ஏஈ2வை 1998இல் கண்டுபிடித்தவர் துருக்கிய ஆய்வாளர் செல்ஜுக் கொலாய். மர்மராவின் அடியில் எழுபது மீற்றருக்கும் அதிகமான ஆழத்தில், உடைந்து சிதறாமல் நிமிர்ந்தே நிற்கிறது. 2014இல் துருக்கியரும் அவுஸ்திரேலியரும் சேர்ந்து அதன் மேல்வாயிலூடாகக் கமராவை இறக்கி உட்புறத்தைப் படம்பிடித்தார்கள். கப்பலை மேலே எடுக்கவில்லை. கிடந்த இடத்திலேயே பாதுகாக்க முடிவாயிற்று. அதனோடு கொழும்பில் தரித்த ஏஈ1 2017 டிசம்பரில், முந்நூறு மீற்றருக்குக் கீழே, டியூக் ஒப் யோர்க் தீவுகளுக்கு அருகில் அகப்பட்டது.