ஜான் ஆபிரகாம் படங்களில் முதலும் வடிவமும்

திரைப்பட வரலாறு எழுதப் புகுவோர் கதையையும் நடிப்பையும் ஒளிப்பதிவையும் விரிவாக ஆராய்வர். படத்திற்கு முதல் எவரிடமிருந்து வந்தது என்னும் வினாவை அடிக்குறிப்போடு விடுத்துவிடுவர். மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமைப் (1937–1987) பொறுத்தவரை அவ்வினாவே முதற்கண் எழுப்பற்பாலது.

ஆயுள் காப்பீட்டுக் கழகப் பணியை விடுத்துப் புனே திரைப்படக் கல்லூரியிற் பயின்ற அவர், அங்கு ரித்விக் கட்டக்கின் மாணாக்கரானார். 1972-இல் வந்த முதற்படம் ‘வித்யார்த்திகளே இதிலே இதிலே’. அதனை ஈண்டு விரித்தல் வேண்டா.

தமிழாய்வாளர் மறக்கலாகாதது, 1977-இல் அவர் தமிழிலேயே இயக்கிய ‘அக்கிரகாரத்தில் கழுதை’. திரைக்கதையில் திறனாய்வாளர் வெங்கட் சாமிநாதனுக்குப் பங்குண்டு. தாயை இழந்த கழுதைக்குட்டியைப் பேராசிரியர் ஒருவர் வளர்க்கிறார். கல்லூரியில் எள்ளல் எழவே, தம் சொந்த ஊரின் அக்கிரகாரத்திற்குக் கொண்டு சேர்க்கிறார். பேராசிரியராக நடித்தவர் இசையமைப்பாளர் எம். பி. சீனிவாசன். ஊரார் அவ்வுயிரை அடித்துக் கொல்கின்றனர். பின்னர் நன்மைகள் சில நிகழக் கண்டு, கொன்றதனையே தெய்வமாக்க முற்படுகின்றனர். தமிழ்ப் படத்துக்குரிய தேசிய விருதைப் பெற்றும் இப்படம் தமிழகத் திரையரங்குகளில் பரவலாக ஓடவில்லை. விருது வேறு, மக்களைச் சென்றடைதல் வேறு என்பதற்கு இதனினும் தெளிவான சான்று தேடவேண்டுவதில்லை.

1979-இல் மலையாளத்தில் மேலும் ஒரு படம் எடுத்த பின், 1984-இல் நண்பர்களுடன் ‘ஒடேசா’ என்னும் கூட்டமைப்பைத் தொடங்கினார். ஊர்தோறும் சென்று சாப்ளினின் படத்தைத் திரையிட்டு, காண வந்தோரிடம் சிறுதொகைகளாகத் திரட்டிய பணமே 1986-இல் ‘அம்ம அறியான்’ ஆயிற்று. தயாரிப்பாளர் என ஒருவர் இலர். கொடுத்தோர் அனைவரும் தயாரிப்பாளரே.

இம்முறை பணத்தோடு நின்றுவிடவில்லை என்பதே என் கருத்து. தில்லிக்குப் புறப்பட்ட இளைஞன் ஒருவன் வழியில் தூக்கிட்டு இறந்தான் ஒருவனின் உடலைக் காண்கிறான். இறந்தவன் தபேலா வாசிப்போன் என்று தெரிகிறது. செய்தியை அவன் தாய்க்கு உரைக்க வயநாட்டிலிருந்து கொச்சி நோக்கி நடக்கும் பயணத்தில், ஒவ்வோர் ஊரிலும் நண்பர் சிலர் வந்து சேர்கின்றனர். இருவராய்த் தொடங்கியது கூட்டமாகிறது. பணம் திரண்ட வகையும் கதைமாந்தர் திரண்ட வகையும் ஒன்றே. இடையிடையே நீளும் நிலைகளைத் தொகுப்பின் தளர்ச்சி என்று குறைகூறுவோர் உளர். ஊர் ஊராக நின்று செல்லும் நடைக்கு அந்நீட்சி இயல்பே எனலாம். ஆயினும் சில இடங்களில் அக்குறை உண்மைதான்.

ஜானின் குடியையும் அலைச்சலையும் பற்றிய கதைகள் அவர் படங்களைக் காட்டிலும் மிகுதியாகப் பேசப்படுகின்றன. ஒரு மேதையின் வாழ்க்கை விந்தையாகவே அவரைக் காண்போர், பிறரோடு சேர்ந்து அவர் அமைத்த முறையைக் காணத் தவறுகின்றனர். அம்முறையில் அவர் இயக்கி முடித்தது ஒரு படமே. 1987 மே 31-இல், கோழிக்கோட்டில் மாடியிலிருந்து விழுந்ததனால் அவர் இறந்தார். ஒடேசாவின் தோழர் சிலர் அதன்பின் ஆவணப்படங்கள் எடுத்தனர்.