ஒரு பென்னியும் ஒரு பெட்டிக்கடையும்



ஆகஸ்ட் 10 திருச்சபையின் நாள்காட்டியில் புனித லாரன்சின் திருநாள். 258-ஆம் ஆண்டு உரோமையில் கொல்லப்பட்ட திருத்தொண்டர் அவர். திருச்சபையின் செல்வத்தையெல்லாம் கொண்டுவந்து ஒப்படைக்கச் சொன்னபோது, ஊரிலிருந்த ஏழைகளையும் நோயாளிகளையும் கூட்டிக்கொண்டு போய் நிறுத்தினார், "இவர்களே அந்தச் செல்வம்" என்றார் என்பது மரபுவழி வரும் செய்தி.

இதே தேதியில், 1950-ஆம் ஆண்டு, இந்தியக் குடியரசுத் தலைவரின் ஆணை ஒன்று வெளியானது. எந்தெந்தச் சாதியார் 'ஷெட்யூல்டு வகுப்பினர்' என்று பட்டியலிட்ட ஆணை அது. அதன் மூன்றாம் பத்தி, இந்து சமயத்தைச் சாராத எவரும் அந்தப் பட்டியலில் சேர மாட்டார் என்றது. ஆகவேதான் தலித் கிறிஸ்தவர்கள் ஆண்டுதோறும் இந்த நாளில் கறுப்புக்கொடி ஏற்றுகிறார்கள். புனித லாரன்சின் திருநாளில் ஏன் கறுப்புக்கொடி என்று கேட்பவர்கள் நம் பங்குகளிலேயே உண்டு. அவர்களுக்காக இன்று கொஞ்சம் வரலாறு பேசுகிறேன். அது அயர்லாந்திலிருந்து தொடங்குகிறது. கத்தோலிக்கருக்கு உரிமை கிடைக்கும்போது அதற்கு விலை கொடுப்பவர் யார் என்பது அங்கே தெளிவாகத் தெரியும்.

அயர்லாந்து மக்களில் மிகப் பெரும்பாலோர் கத்தோலிக்கர். ஆனால் 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஒரு கத்தோலிக்கர் பாராளுமன்றத்தில் உட்கார முடியாது. உட்கார வேண்டுமானால், திருப்பலியும் அன்னை மரியாவுக்குச் செய்யும் வணக்கமும் சிலைவழிபாடு என்று சத்தியம் செய்ய வேண்டும். எந்தக் கத்தோலிக்கர் செய்வார்? 1793-இல் வாக்குரிமை மட்டும் கிடைத்திருந்தது. ஆண்டுக்கு 40 ஷில்லிங், அதாவது 2 பவுண்டு, மதிப்புள்ள நிலவுரிமை இருந்தால் வாக்களிக்கலாம். இப்படி வாக்கு பெற்றவர்கள் பெரும்பாலும் ஏழைக் குத்தகைக்காரர்கள். வாக்குச்சாவடியில் ரகசியம் கிடையாது. எல்லோர் முன்னிலையிலும் வாயால் பெயரைச் சொல்ல வேண்டும், நிலக்காரரின் ஆள் பக்கத்திலேயே நிற்பான். கன்னடியன் கால்வாய்ப் பாசனத்தில் வாரத்துக்கும் குத்தகைக்கும் உழுத குடும்பங்களில் பிறந்தவர்களுக்கு இதற்கு மேல் நான் விளக்க வேண்டியதில்லை.

டேனியல் ஓ கானெல் என்ற வழக்கறிஞர் 1823-இல் கத்தோலிக்கச் சங்கம் தொடங்கினார். முதலில் அது படித்தவர்கள், பணக்காரர்களின் சங்கமாகத்தான் இருந்தது. மறு ஆண்டு ஒரு வழி கண்டார். மாதம் ஒரு பென்னி கொடுத்தால் யாரும் சங்கத்தில் சேரலாம். ஞாயிற்றுக்கிழமை கோயில் வாசலில் குருக்களின் உதவியோடு அந்தக் காசு திரண்டது. 1828-இல் கிளேர் மாவட்ட இடைத்தேர்தலில் ஓ கானெலே வேட்பாளராக நின்றார். குத்தகைக்காரர்கள் தங்கள் பங்குக்குருக்களின் பின்னால் வரிசையாக என்னிஸ் நகருக்கு நடந்து வந்து, நிலக்காரர்களின் முகத்துக்கு நேராக ஓ கானெல் பெயரைச் சொன்னார்கள். அவருக்கு 2,057 வாக்கு, எதிர்த்து நின்ற அமைச்சருக்கு 982.

அன்றைய பிரதமர் வெலிங்டன் பிரபு. ஸ்ரீரங்கப்பட்டணத்தில் திப்பு சுல்தானை எதிர்த்து வந்த ஆர்தர் வெல்லெஸ்லிதான் பிற்பாடு அந்தப் பட்டம் பெற்றவர், பிறந்ததும் அயர்லாந்தில்தான். உள்நாட்டுப் போர் வந்துவிடும் என்று அஞ்சி அவர் இறங்கி வந்தார். 1829 ஏப்ரல் 13 அன்று கத்தோலிக்கருக்குப் பாராளுமன்றக் கதவு திறந்தது. பள்ளிப் பாடநூல்களில் கதை இத்தோடு முடிந்துவிடும்.

அதே நாளில் இன்னொரு சட்டமும் வந்தது. அயர்லாந்து மாவட்டத் தொகுதிகளில் வாக்களிக்க இனி 10 பவுண்டு மதிப்புள்ள நிலவுரிமை வேண்டும். 2 பவுண்டுக்காரர்களின் வாக்கு பறிபோனது. 2 லட்சத்துக்கு மேல் இருந்த வாக்காளர் தொகை 40 ஆயிரத்துக்கும் கீழே இறங்கியது. பென்னி கொடுத்தவர்களும் என்னிசுக்கு நடந்து வந்தவர்களும் வெளியே நின்றார்கள். அவர்களைக் கைவிட மாட்டேன் என்று முன்பு சொல்லியிருந்த ஓ கானெல் எதிர்ப்புத் தெரிவித்தார், ஆனால் அதற்காகப் போராட்டம் எதுவும் நடத்தவில்லை. பெரிய வெற்றி கையில் இருக்கும்போது சிறிய இழப்பு என்று நினைத்தாரோ என்னவோ. அவரை நான் மதிக்கிறேன். அடிமை வியாபாரத்தை அவர்போல் கண்டித்தவர்கள் அந்தக் காலத்தில் குறைவு. ஆனால் இந்த இடத்தில் அவரைப் புகழ எனக்கு மனம் வரவில்லை.

இனி நம் நாட்டுக்கு வருவோம். 1935-ஆம் ஆண்டு இந்திய அரசுச் சட்டப்படி மாகாணச் சட்டமன்றங்களில் இந்தியக் கிறிஸ்தவருக்குத் தனித் தொகுதிகள் இருந்தன. சென்னை மாகாணத்தில் அப்படி 8 இடங்கள். கிறிஸ்தவருக்குத் தனி இடம் இருக்கிறது, ஷெட்யூல்டு வகுப்பாருக்கும் தனி இடம் இருக்கிறது, ஒருவரை இரண்டிலும் சேர்க்க முடியாது என்பது சட்டத்தின் கணக்கு. 1936-இல் பிரிட்டிஷ் அரசு வெளியிட்ட பட்டியல் ஆணையும் இந்தியக் கிறிஸ்தவரை விலக்கியே வைத்தது. இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

சுதந்திரம் வந்தது. அரசியல் நிர்ணய சபையில் சென்னை மாகாணத்திலிருந்து போனவர்களில் ஒருவர் தந்தை ஜெரோம் டிசூசா. மங்களூரில் பிறந்த இயேசு சபைக் குரு, சென்னை லயோலா கல்லூரியின் முதல்வர். சமயத்தைப் பரப்பும் உரிமை வேண்டுமா என்று 1948 டிசம்பரில் அந்தச் சபையில் கடுமையான விவாதம் நடந்தது. அந்த உரிமைக்காக எழுந்து பேசியவர்களில் நம் டி.டி. கிருஷ்ணமாச்சாரியும் ஒருவர். கிறிஸ்தவ நிறுவனத்தில் பல ஆண்டு படித்த தம்மை யாரும் மதம் மாற்றப் பார்க்கவில்லை என்று சொன்னார். இப்படித்தான் 25-ஆம் பிரிவு நமக்குக் கிடைத்தது. பள்ளிகளையும் கல்லூரிகளையும் நாமே நடத்தும் உரிமையை 30-ஆம் பிரிவு தந்தது. நம் பிள்ளைகள் பாளையங்கோட்டைக்குப் படிக்கப் போகிறார்களே, அந்தப் பள்ளிகளும் கல்லூரிகளும் இந்தப் பிரிவின் நிழலில் நிற்பவை.

கிறிஸ்தவத் தலைவர்கள் பதிலுக்கு ஒன்றை விட்டுக்கொடுத்தார்கள். சபையின் துணைத் தலைவராக இருந்த வங்காளக் கிறிஸ்தவர் எச்.சி. முகர்ஜி, சமயச் சிறுபான்மையினருக்கு இட ஒதுக்கீடு வேண்டாம் என்ற தீர்மானத்தை 1949 மே மாதம் ஆலோசனைக் குழுவில் தாமே கொண்டுவந்தார். தந்தை டிசூசாவும் அதை ஆதரித்தார். பிரிவினையின் ரத்தம் காயாத காலம் அது. கிறிஸ்தவர் தனியாகச் சலுகை கேட்க மாட்டார்கள், நாட்டோடு சேர்ந்து நிற்பார்கள் என்று காட்ட விரும்பினார்கள். அது பெருந்தன்மை என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

ஆனால் கணக்கைப் பாருங்கள். 1936-இல் தலித் கிறிஸ்தவரை விலக்கிய கணக்கு, கிறிஸ்தவருக்கென்று வேறு இடம் இருந்தது என்பது. 1949-இல் அந்த இடம் போய்விட்டது. 1950 ஆகஸ்டில் விலக்கு மட்டும் நின்றது. நகரத்தில் படித்த கிறிஸ்தவர் விட்டுக்கொடுத்தது சட்டமன்ற இருக்கை. சேரியில் இருந்த கிறிஸ்தவர் இழந்ததோ படிப்பு உதவி, அரசு வேலை, தனித்தொகுதி, பின்னாளில் 1989-இன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் தந்த பாதுகாப்பு. பிறகு 1956-இல் சீக்கியரையும் 1990-இல் பௌத்தரையும் அந்த மூன்றாம் பத்திக்குள் சேர்த்தார்கள். கிறிஸ்தவரும் முஸ்லிம்களும் வெளியேதான். தமிழ்நாட்டில் நமக்குப் பிற்படுத்தப்பட்டோர் சான்றிதழ் கிடைக்கிறது, அது உண்மை. ஆனால் பக்கத்துத் தென்காசி மக்களவைத் தொகுதி தனித்தொகுதி. அங்கே ஒரே தெருவில் பிறந்த அண்ணன் தம்பியில் இந்துவாக இருப்பவர் வேட்பாளராகலாம், திருமுழுக்குப் பெற்றவர் வாக்குப் போட மட்டும் போகலாம்.

இதனால்தான் கோயில் பதிவேட்டில் ஒரு பெயர், பள்ளிச் சான்றிதழில் வேறு பெயர் என்று வாழும் குடும்பங்கள் இருக்கின்றன. "விசுவாசத்தை மறைக்கிறார்கள்" என்று அவர்களைச் சாடுவோரை நான் கேட்டிருக்கிறேன். மூன்று வேளைச் சோற்றுக்கும் பிள்ளையின் படிப்புக்கும் கவலையில்லாதவர் அப்படிப் பேசுவது எளிது.

1980-களில் சென்னையில் காந்தி இர்வின் பாலச் சாலைச் சந்திப்பில் செருப்புத் தைத்துக்கொண்டிருந்தவர் சூசை. ஆதிதிராவிடர், கிறிஸ்தவர். தெருவோரத்தில் செருப்புத் தைப்போருக்கு இலவசமாகப் பெட்டிக்கடை கொடுக்க 1982-இல் அரசு ஆணையிட்டது. பக்கத்தில் உட்கார்ந்து அதே தொழில் செய்தவர்களுக்குக் கடை கிடைத்தது. கிறிஸ்தவர் என்பதால் சூசைக்கு இல்லை. அவர் உச்ச நீதிமன்றம் வரை போனார். 1985 செப்டம்பர் 30 அன்று தீர்ப்பு வந்தது. மதம் மாறிய பின்னும் சாதி தொடர்கிறது என்று காட்டினால் மட்டும் போதாது, புதிய சமயச் சமூகத்திலும் அதே கொடுமை அதே அளவில் தொடர்கிறது என்று ஆதாரத்தோடு காட்ட வேண்டும், அப்படி விரிவான ஆய்வு எதுவும் எங்கள் முன் வைக்கப்படவில்லை என்றது நீதிமன்றம். மனு தள்ளுபடி ஆனது.

இந்தத் தீர்ப்பை வாசிக்கும்போதெல்லாம் எனக்கு வடக்கன்குளம் நினைவுக்கு வரும். நம் மாவட்டத்து ஊர்தான். வெள்ளாளர் ஒரு பக்கம், நாடார் ஒரு பக்கம் என்று கால்சட்டைபோல் இரண்டு கிளையாகப் பிரிந்த கோயில் அங்கே 1872-இல் எழும்பியது, நடுவில் சுவர். இயேசு சபைக் குரு கௌசானல் 1910-இல் அந்தச் சுவரை இடித்தார். பிரிவினை வேண்டும் என்று வெள்ளாளர் வழக்குப் போட்டார்கள். திருநெல்வேலி நீதிமன்றத்திலும் சென்னை உயர் நீதிமன்றத்திலும் அவர்கள் தோற்றார்கள். அங்கே ஒதுக்கப்பட்டவர்கள் தலித்துகள்கூட இல்லை. இரண்டு சாதிக்கு நடுவே கோயிலுக்குள்ளேயே சுவர் எழுப்பியவர்கள், சேரி மக்களை எங்கே நிறுத்தியிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள். நீதிமன்றம் கேட்ட ஆதாரம் நம் கோயில்களிலும் கல்லறைத் தோட்டங்களிலும் கிடந்தது. அதை எடுத்துக்கொண்டு போனால் நம்மீதே சாட்சி சொல்ல வேண்டியிருக்கும். அந்தத் தயக்கத்தின் விலையையும் கொடுத்தவர்கள் சூசை போன்றவர்கள்தான்.

2004 முதல் உச்ச நீதிமன்றத்தில் மீண்டும் மனுக்கள் இருக்கின்றன. மூன்றாம் பத்தியின் சமயக் கட்டுப்பாட்டை நீக்கலாம் என்று 2007-இல் ரங்கநாத் மிஸ்ரா ஆணையம் பரிந்துரைத்தது. 2023 ஏப்ரல் 19 அன்று தமிழ்நாடு சட்டமன்றம் தலித் கிறிஸ்தவருக்கு ஆதரவாகத் தீர்மானம் நிறைவேற்றியது. இதற்கிடையே 2022 அக்டோபரில் மத்திய அரசு, முன்னாள் தலைமை நீதிபதி கே.ஜி. பாலகிருஷ்ணன் தலைமையில் இன்னொரு ஆணையம் அமைத்தது. மதம் மாறிய பிறகு இம்மக்களின் வழக்கங்களிலும், அவர்கள் அனுபவிக்கும் ஒதுக்கலிலும் என்ன மாற்றம் வந்திருக்கிறது என்பது அதன் முன்னுள்ள கேள்விகளில் ஒன்று. திருவிழா வரி யார் யாரிடம் வாங்குகிறோம், சப்பரம் எந்தத் தெருமுனையில் திரும்பிவிடுகிறது, கல்லறைத் தோட்டத்தில் யாருடைய குழி எந்த ஓரத்தில் இருக்கிறது என்பதெல்லாம் அந்தக் கேள்விக்குள் அடங்கும்.